ஆரோ ஒருத்தியின் குரல்

“இந்த முறையும் குரலை அந்த ரோமில இருக்கிறவளே குடுக்கட்டும் பிள்ளை,” என்றார் மங்கையற்கரசி. அடுப்பில் ரோல்ஸ் பொரிந்துகொண்டிருந்தது. அவர் திரும்பிப் பார்க்காமலே சொன்னார், உப்புப் போதுமா என்று கேட்பதுபோல.

மேசையிலிருந்து ரோல்ஸ் சுற்றிக்கொண்டிருந்த அட்சயாவின் கை நின்றது.

“ஏனம்மா?”

“நீ நடிச்சாச்சு. முகம் உன்ரதானே. குரலில என்ன கிடக்கு?”

குரலில் என்ன கிடக்கிறது என்பதை ரோமில் இருக்கும் தயாரிப்பாளருக்கு விளக்கி விளக்கி அட்சயா களைத்துப்போயிருந்தாள். டொரொண்டோவின் மல்வேர்னில், தான் வளர்ந்த வீட்டுச் சமையலறையில், அதை மறுபடியும் முதலிலிருந்து தொடங்கவேண்டி வரும் என்று அவள் நினைக்கவில்லை. தம்பி மிதுனனின் எழுத்துக்கு, அதாவது பதிவுத் திருமணத்துக்கு, நாள் குறிக்க நாளைக்குப் பெண் வீட்டுக்கு, விட்பிக்குப் போகவேண்டும். அதற்காகத்தான் அவள் வந்திருந்தாள். அதற்காகத்தான் இந்த ரோல்ஸும்.

பத்தொன்பது வயதில் மார்க்கம் ரோட்டுச் சேலைக்கடை ஒன்றின் கலண்டருக்காக அவள் முதன்முதலாகக் கமராவுக்கு முன்னால் நின்றாள். பிறகு மணப்பெண் அலங்காரம் செய்யும் ஒரு அக்காவுக்காக நின்றாள். அந்த ஒரு வருடத்துக்குள் அவள் ஏழெட்டுத் தடவை மணப்பெண்ணானாள். பக்கத்தில் நின்ற மாப்பிள்ளை மட்டும் ஒவ்வொரு தடவையும் வேறு ஆள். கோயிலில் ஒரு அன்ரி வந்து, மகளுக்குக் கல்யாணம் முடிந்ததை ஏன் சொல்லவில்லை என்று மங்கையற்கரசியிடம் கோபித்துக்கொண்டார். தகப்பன் அப்போது உயிரோடு இருந்தார். அவர் சிரித்தார். மங்கையற்கரசி அன்று சாப்பிடவில்லை.

அந்தப் படங்களில் ஒன்றைப் பார்த்துத்தான் ஸ்டெபனி என்ற ஏஜென்ட் அழைத்தாள். அவள் பிடித்துக் கொடுத்த வேலை அட்சயாவை மிலானுக்குக் கொண்டுபோனது. சிரிக்காதே, கதைக்காதே, நட. அங்கே அவளுக்குச் சொல்லித்தந்த பாடம் அவ்வளவுதான். உடையைத்தான் ஆட்கள் பார்க்க வேண்டும். நாலு பெண்கள் ஒரு அறையில் படுத்து எழும்பிய அந்த வருடங்களில் அவள் சந்தையிலும் ட்ராமிலும் இத்தாலி மொழியைப் பிடித்துக்கொண்டாள். கதைக்க வேண்டாம் என்று சொன்ன ஊரில் கதைக்கப் பழகியது அவளுக்கு ஒரு வீம்பாகவே இருந்தது.

பிறகு சினிமா வந்தது. முதல் படத்தில் ரயிலிலிருந்து இறங்கி ஒருவனிடம் வழி கேட்பாள். இரண்டாவதில் மருந்துக்கடையில் வேலை செய்தாள். மூன்றாவதில் திருமணமான டொக்டர் ஒருவரின் காதலி; பல்கனியில் ஒரு முத்தம் இருந்தது.

மூன்றிலும் அவளுடைய குரல் இல்லை. படம் பிடித்து முடிந்த பிறகு ஸ்டூடியோவில் குரலைத் தனியாகச் சேர்ப்பது அங்கே பழைய வழக்கம். உச்சரிப்பில் கொஞ்சம் வெளிநாட்டு வாடை அடித்தாலும் அந்தக் குரலைக் கழற்றிவிட்டு, குரல் கொடுப்பதையே தொழிலாக வைத்திருக்கும் ஒருவரைப் பேசவைப்பார்கள். முதல் படத்தின் திரையிடலில் அட்சயா தன் வாயிலிருந்து இன்னொருத்தி பேசுவதைக் கேட்டாள். பாகு காய்ச்சிய மாதிரித் தடித்த, இனிப்பான குரல். வெளியே வந்தபோது முதியவர் ஒருவர் அவளுடைய கையைப் பிடித்து, உங்கள் குரல் என்ன அழகு என்றார். அவள் நன்றி சொன்னாள். அந்த நன்றியை நினைத்தால் அவளுக்கு இன்றைக்கும் பற்றி எரியும்.

இப்போது நாலாவது படம். மரியோ என்ற இயக்குநர் எடுத்தது. இந்தத் தடவை அவள்தான் கதாநாயகி. பலெர்மோவில் வளர்ந்த யாழ்ப்பாணத்துப் பெண் ஒருத்தியை வீட்டிலிருந்து கிளப்புவதற்காக வீட்டுக்காரன் தண்ணீரை நிறுத்திவிடுகிறான். அவள் கிளம்ப மறுக்கிறாள். அதுதான் கதை. படம் முழுக்க இத்தாலியில் பேசுகிறவள், ஒரே ஒரு இடத்தில், மாடிப்படியில் நின்று, தமிழில் அவனைக் கிழித்துப் போடுவாள். தயாரிப்பாளருக்கு அந்த இடமும் பிடிக்கவில்லை, அவளுடைய உச்சரிப்பும் பிடிக்கவில்லை. எல்லாவற்றையும் ரோம்காரியின் குரலில், இத்தாலியிலேயே முடித்துவிடலாம் என்றார். மரியோ சண்டை பிடித்து ஒரு சந்தர்ப்பம் வாங்கியிருந்தார். நாளைக்கு, ஞாயிற்றுக்கிழமை காலை, டொரொண்டோவிலேயே ஒரு ஸ்டூடியோவில் அவள் பேச வேண்டும். தயாரிப்பாளர் ரோமிலிருந்து கேட்பார். கேட்டுவிட்டு முடிவு சொல்வார்.

“குரலில என்ன கிடக்கெண்டு கேக்கிறீங்கள். உங்களுக்கு ஏன் இப்ப அதில அக்கறை?” என்று கேட்டாள் அட்சயா.

மங்கையற்கரசி அடுப்பைக் குறைத்தார். “போன மாசி மாதம் இராஜரட்ணம் அண்ணை போன் எடுத்தவர்.”

இராஜரட்ணம் என்றால் விட்பிக்காரர், மிதுனன் கட்டப்போகும் கஜனியின் தகப்பன். பல்கனி முத்தத்தை யாரோ வெட்டியெடுத்துக் கோயில் வாட்ஸப் குழுவில் போட்டிருந்தார்கள். இது உங்கள் மகளா என்று அவர் மரியாதையாகத்தான் கேட்டிருக்கிறார்.

“நான் என்ன சொல்லுறது? வடிவாக் குரலைக் கேளுங்கோ அண்ணை, என்ர பிள்ளையின்ர குரலோ இது எண்டு கேட்டனான்.”

“அவர் என்ன சொன்னவர்?”

“திருப்பிப் போட்டுக் கேட்டவர். ஓம், குரல் வேறதான் எண்டவர்.”

அட்சயாவுக்குச் சிரிப்பு வந்தது. வந்த வேகத்திலேயே போனது. “அப்ப அந்தப் படத்தில இருக்கிறது ஆரம்மா?”

“ஆரோ ஒருத்தி.”

எண்ணெய் சடசடத்தது. தாய் அதைச் சொன்ன விதத்தில் வெட்கமோ கோபமோ இல்லை, களைப்புத்தான் இருந்தது. நீ அங்கே இருக்கிறாய், இங்கே இருக்கிறவள் நான், மரக்கறி வாங்கப் போனாலும் அவர்களுடைய முகத்தில்தான் முழிக்கவேண்டும் என்று அவர் சொல்லிக்கொண்டே போனார். முத்தம்கூடப் பரவாயில்லையாம். சொன்ன பொய் சம்பந்தி வீட்டில் உடையக்கூடாதாம். புதுப்படம் செப்டம்பரில் டொரொண்டோவிலேயே திரையிடப்படும் என்று மிதுனன் வேறு தாயிடம் சொல்லியிருக்கிறான். அதில் அட்சயா தமிழில், இந்தக் குரலில் பேசினால், அதற்குப் பிறகு யாரை ஏமாற்றுவது?

அட்சயா தாயின் முதுகைப் பார்த்துக்கொண்டிருந்தாள். தன் வாயைப் பறித்துக்கொண்டவளென்று ரோம்காரியை இத்தனை நாளும் வைதிருக்கிறாள். அந்தப் பறிப்புக்குள் அம்மா ஒரு மறைவிடம் கட்டிக் குடியிருந்தது அவளுக்குத் தெரியாது.

மிதுனன் உள்ளே வந்து ஒரு ரோல்ஸை எடுத்துக் கடித்தான். அவன் எல்லாவற்றையும் வாசலில் நின்று கேட்டிருந்தான். “எழுத்து முடியட்டும் அக்கா. பிறகு நீங்கள் என்னவெண்டாலும் செய்யுங்கோ.”

“எழுத்து முடிய, கலியாணம் முடியட்டும் எண்டுவாய். அது முடிய, பிள்ளை பிறக்கட்டும் எண்டுவாய்.” அட்சயா கையைத் துடைத்துக்கொண்டு எழுந்தாள். “நாளைக்குக் காலமை நான் பேசுவன். மத்தியானம் விட்பியில ஆரும் கேட்டால் அங்கயும் பேசுவன். ஆரோ ஒருத்தியா இருந்தது காணும்.”

காலையில், தானும் ஸ்டூடியோவுக்கு வருவதாக மங்கையற்கரசி சொன்னது இருவருக்கும் ஆச்சரியம். கடைசி நேரத்தில் மகளின் மனத்தை மாற்றலாம் என்று நினைத்தாரோ என்னவோ. நல்ல சேலையைக் கட்டி, ரோல்ஸ் தட்டை மடியில் வைத்துக்கொண்டு, மிதுனன் ஓட்டவிருந்த காரில் ஏறிவிட்டார். பார்க்டேலுக்குள் கார் நுழைந்ததும் கண்ணாடிப் பக்கம் திரும்பினார். ஸ்டூடியோ இருந்த செங்கல் கட்டடத்துக்கு இரண்டு தெரு தள்ளித்தான் அவர்கள் கனடாவுக்கு வந்த புதிதில் குடியிருந்த அபார்ட்மென்ட். அதன் பல்கனிகளுக்கு இப்போது நீல வர்ணம் பூசியிருந்தார்கள்.

அட்சயா கண்ணாடி அறைக்குள் போய் ஒலிவாங்கிக்கு முன்னால் நின்றாள். வெளியே ஒலிப்பதிவு செய்யும் பெண்ணுக்குப் பின்னாலிருந்த சோபாவில் மங்கையற்கரசி உட்கார்ந்தார். ஒரு கணினித் திரையில் மரியோவும், அவருக்குப் பக்கத்தில் கண்ணாடி போட்ட தயாரிப்பாளரும் இருந்தார்கள். பெரிய திரையில் படம் ஓடியது.

மகள் நடித்த எதையும் மங்கையற்கரசி அதுவரை பார்த்ததில்லை. அந்த முத்த வீடியோவைக்கூடக் கண்ணைத் திருப்பிக்கொண்டு காதால்தான் கேட்டிருந்தார். இப்போது திரையில் வந்தவள் கலண்டரில் நின்ற மணப்பெண் இல்லை. நைட்டிக்கு மேல் பழைய ஸ்வெற்றர் போட்டு, தலையை அள்ளி முடிந்து, வாளியோடு படியேறும் ஒருத்தி. அவள் இத்தாலியில் கெஞ்சினாள், பேரம் பேசினாள், ஒரு பூனையைத் திட்டினாள். வாயசைவுக்குப் பொருந்தவேண்டும் என்பதால் ஒரே வசனத்தைத் திரும்பத் திரும்பச் சொல்லவேண்டியிருந்தது. தயாரிப்பாளர் இடையிடையே தலையை ஆட்டினார். அது சம்மதம்போல் இல்லை.

பிறகு மாடிப்படிக் காட்சி வந்தது. திரைக்கதையில் எழுதப்பட்டிருந்த தமிழ் பாடப்புத்தகம்போல இருந்ததால், படப்பிடிப்பில் அட்சயா அதை விட்டுவிட்டுத் தனக்குத் தெரிந்த ஒரு ஏச்சைத்தான் ஏசியிருந்தாள். இப்போது அதையே மறுபடியும் ஏசினாள்.

“நீ மனுசனோ? உன்ர வீட்டில குஞ்சு குருமன் இல்லையோ? உன்ர தண்ணியை நீயே குடி. குடிச்சு வயிறு வீங்கிக் கிட. என்ர பிள்ளைக்குக் காய்ச்சல் வந்துதெண்டால் உன்ர கட்டிலில கொண்டுவந்து கிடத்துவன். நான் ஒரு இடமும் போகமாட்டன். இஞ்சதான் இருப்பன்!”

கடைசி இரண்டு வரிகளை அவள் கத்தினாள். மங்கையற்கரசி எழுந்து நின்றுவிட்டார்.

அது அவருடைய ஏச்சு. நீல வர்ணம் பூசிய அந்தக் கட்டடத்தில், ஒரு மாரிகாலத்தில் ஹீற்றர் நின்றுபோனபோது, கட்டடத்தைப் பராமரிக்கிறவனை வாசலில் மறித்து ஏசியது. அவனுக்குத் தமிழ் தெரியாது, இவருக்கு அன்று ஆங்கிலம் வராது. ஹீற்றரைத் தண்ணீராக்கியிருந்தாள் பிள்ளை. மற்றதெல்லாம் அப்படியே இருந்தது. அவள் அன்று தாயின் சட்டையைப் பிடித்துக்கொண்டு பின்னால் நின்ற சின்னப்பிள்ளை.

ஒலிப்பதிவுப் பெண்ணிடம் கேட்டு, கண்ணாடி அறைக்குள் பேசும் பொத்தானை அவர் அமத்தினார். “பிள்ளை, கடைசியை நான் கத்தேல்லை. மெதுவாத்தான் சொன்னனான்.”

அட்சயா காதில் மாட்டியிருந்ததை ஒரு பக்கம் விலக்கினாள். கண்ணாடிக்கு அந்தப் பக்கம் தாய் நிற்பதைப் பார்த்தாள்.

“தெரியும். அண்டைக்கு எங்கட அகதிக் கேஸ் முடியேல்லை. திருப்பி அனுப்பிப்போடுவாங்கள் எண்ட பயம். அதால மெதுவாச் சொன்னீங்கள்.” அவள் மூச்சு எடுத்தாள். “எனக்கு ஒரு பயமும் இல்லையம்மா. நான் கத்துவன்.”

மங்கையற்கரசி பொத்தானிலிருந்து கையை எடுத்தார். ஆனால் உட்காரவில்லை. அட்சயா இன்னொரு தடவை சொன்னாள். இந்தத் தடவை முதல் வார்த்தையிலிருந்தே குரல் ஏறியது. ஒலி அளவு காட்டும் விளக்கு சிவப்புக்குப் போக, ஒலிப்பதிவுப் பெண் அவசரமாக எதையோ குறைத்தாள்.

தயாரிப்பாளர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். எல்லோருக்கும் விளங்கட்டும் என்று ஆங்கிலத்தில்தான் பேசினார். தமிழ் உணர்ச்சியாக இருக்கிறது, ஆனால் இத்தாலிப் பகுதியில் இன்னும் கரடுமுரடு இருக்கிறது. ரோம்காரி பேசினால் படம் வழவழவென்று வரும். யோசித்துவிட்டுப் பின்னேரம் சொல்கிறேன் என்றார்.

கதாநாயகியாக ஒரு பெயர் வருவதற்கு அட்சயா பத்து வருடத்துக்கு மேல் காத்திருந்தாள். அந்தப் பெயரையே அவள் அப்போது பணயமாக எடுத்து வைத்தாள்.

வழவழவென்று இருக்கிறவள் வாளியைத் தூக்கிக்கொண்டு மாடியேற மாட்டாள் என்றாள். ஒப்பந்தப்படி குரல் உங்கள் முடிவுதான், அதில் நான் சண்டைக்கு வரவில்லை. ஆனால் அவளுடைய குரல் உள்ளே வந்தால் என்னுடைய பெயர் வெளியே போகவேண்டும், நான் எந்த மேடையிலும் ஏறமாட்டேன், பெயர் போடும் இடத்தில் ஆரோ ஒருத்தி என்று போட்டுக்கொள்ளுங்கள் என்றாள். ஆங்கிலத்தில் சொல்லிக்கொண்டு வந்தவள் அந்த இரண்டு வார்த்தைகளை மட்டும் தமிழில் சொன்னாள். தயாரிப்பாளருக்கு அது விளங்கவில்லை. மங்கையற்கரசிக்கு விளங்கியது.

விட்பிக்குப் போகும் வழி முழுவதும் அவர் ரோல்ஸ் தட்டை மடியில் இறுக்கிப் பிடித்தபடி இருந்தார்.

இராஜரட்ணம் வாசலுக்கே வந்து வரவேற்றார். புது வீடு, உயரமான கூரை. நல்ல மனிதர், மிதுனனுக்கு நண்டின் பெரிய காலைத் தேடி எடுத்துப் போட்டார், அட்சயாவிடம் இத்தாலிச் சாப்பாட்டைப் பற்றி விசாரித்தார். நாள் குறிப்பது சுலபமாக முடிந்தது. ஆவணியில் ஒரு ஞாயிறு. பாயசம் வந்தபோதுதான் அவர் ஏதோ உபகாரம் செய்தவரைப்போலத் தொடங்கினார்.

“இண்டைக்குக் காலமையும் அந்த வீடியோவை ஒருத்தர் திருப்பிப் போட்டிருக்கிறார் அக்கா. நான் நல்லாக் குடுத்தன். எங்கட சம்பந்தி வீட்டுப் பிள்ளை விளம்பரத்துக்கு மட்டும்தான் நிக்கிறவ, அது ஆரோ ஒருத்தி, குரலைக் கேட்டிட்டுக் கதையுங்கோ எண்டு போட்டன்.”

மிதுனன் பாயசத்துக்குள் பார்த்தான். அட்சயா கரண்டியைக் கீழே வைத்தாள். அவள் வாயைத் திறப்பதற்குள் பக்கத்திலிருந்து குரல் வந்தது.

“அது என்ர மகள்தான் அண்ணை.”

மங்கையற்கரசி மெதுவாகத்தான் சொன்னார். பார்க்டேலில் அன்று எப்படிச் சொன்னார் என்று அட்சயாவுக்கு நினைவு வந்தது. ஆனால் இதில் பயம் இல்லை.

“இல்லை, குரல்…” என்றார் இராஜரட்ணம்.

“குரல் வேற ஒருத்தியின்ர. அந்த ஊரில அப்பிடித்தான் செய்யிறவையாம். முகம் என்ர பிள்ளையின்ர. நான் உங்களுக்குப் பொய் சொன்னனான், அது என்ர பிழை. அவளில ஒரு பிழையும் இல்லை.” அவர் சேலைத் தலைப்பைச் சரிசெய்துகொண்டார். “செப்டம்பரில அடுத்த படம் இஞ்ச வருது. அதில குரலும் அவளின்ரதான்.”

இராஜரட்ணத்தின் முகம் இறுகியது. அவருக்கு முத்தத்தைவிட, காலையில் தான் குழுவில் போட்ட பதில்தான் கண்முன் வந்திருக்க வேண்டும். இதை நாங்கள் யோசிக்கவேணும் அக்கா என்றார்.

“யோசியுங்கோ. படத்தைப் பாத்திட்டு யோசிச்சாலும் சரிதான்.”

மேசையின் மறுமுனையிலிருந்து கஜனி, தான் மூன்று படங்களையும் எப்போதோ பார்த்துவிட்டதாகத் தகப்பனிடம் சொன்னாள். மருந்துக்கடைப் படம்தான் பெஸ்ட், முத்தப் படம் கொஞ்சம் போரிங் என்றாள். யாரும் சிரிக்கவில்லை. மிதுனனுக்கு மட்டும் காது சிவந்தது. பிறகு அவன், அன்றைக்கு முதன்முதலாக நிமிர்ந்து இருந்து, அக்கா நடிகை என்பதை மறைத்தது தனக்கும் வெட்கமாக இருக்கிறது, மன்னிக்கவேணும் அங்கிள் என்றான்.

விடைபெறும்போது இராஜரட்ணம் வாசல்வரை வரவில்லை. கஜனிதான் கார்வரைக்கும் வந்தாள். ரோல்ஸ் தட்டைக் காலியாகத் திருப்பித் தராமல் நண்டுக்கறியை நிரப்பி, மூடி, மங்கையற்கரசியின் மடியில் வைத்தாள்.

“அப்பா கொஞ்ச நாளைக்கு முகத்தை நீட்டிக்கொண்டு திரிவார் அன்ரி. எழுத்துக்கு வந்திடுவார். வராட்டிலும் நான் சைன் பண்ணுவன்.” குனிந்து அட்சயாவைப் பார்த்தாள். “நீங்கள்தான் எனக்குப் பக்கத்தில நிக்கிறீங்கள், ஓகே?”

கார் கிளம்பி நெடுஞ்சாலையில் ஏறியது. பின்சீற்றில் நண்டுக்கறி மணத்தது.

“அம்மா, ரோமில அவங்கள் இன்னும் ஓம் எண்டு சொல்லேல்லை,” என்றாள் அட்சயா. “என்ர குரல்தான் வருமெண்டு நீங்கள் அங்க சொல்லிப்போட்டீங்கள்.”

“வரும்.”

“வராட்டி?”

“வராட்டி அந்தக் கண்ணாடிக்காரன்ர நம்பரைத் தா. நான் கதைக்கிறன்.”

மிதுனன் சிரித்த சிரிப்பில் கார் ஒருமுறை ஆடியது. அட்சயாவும் சிரித்தாள், கண்ணைத் துடைத்துக்கொண்டு. மல்வேர்ன் திருப்பம் வருவதற்குக் கொஞ்சம் முன்னால் மரியோவின் குரல் செய்தி வந்தது. அவள் அதைச் சத்தமாகப் போட்டாள். மரியோ வேகமாக, மூச்சு வாங்க, இத்தாலியில் பேசினார்.

“என்னவாம்?” என்றார் மங்கையற்கரசி.

“என்ர பெயரை எடுத்துப்போட்டுப் படத்தை விக்கேலாதாம். மாடிப்படி அப்பிடியே இருக்கட்டுமாம். இத்தாலியை மட்டும் ரோமுக்கு வந்து இன்னொருக்காப் பேசட்டாம். நான்தான் பேசவேணுமாம்.”

மங்கையற்கரசி ஓம் என்று தலையாட்டினார், இதில் அதிசயிக்க ஒன்றும் இல்லை என்பதுபோல. பிறகு கைப்பையைத் திறந்து போனை எடுத்தார். கோயில் குழுவைத் தேடிப் பிடித்து, ஒலிப்பதிவுப் பொத்தானை அமத்தி, வாய்க்குக் கிட்டப் பிடித்தார்.

“எல்லாருக்கும் வணக்கம். நான் மங்கையற்கரசி கதைக்கிறன்,” என்று தொடங்கினார். இந்த முறை அவர் மெதுவாகப் பேசவில்லை.